பாதாளம் போய்வந்த கதைகளில் எதை மேடைக்கு எடுப்பது?

ஒரு நூலகத்தின் மாடி, மாலை நேரம். அறுபது எழுபது நாற்காலி, ஒரு மைக், கிடைத்தால் ஓர் உடுக்கையோ கஞ்சிராவோ. வருகிறவர்களில் பெரியவர்கள் அதிகம், பிள்ளைகள் கொஞ்சம். கையில் இருப்பது ஒரு மணி நேரம், சொல்ல வேண்டியது ஒரே கதை. செத்தவர் உலகத்துக்குப் போய்த் திரும்பியவர்களின் கதைகளில் எதை எடுக்கலாம்? இந்தக் கேள்வியைக் கதைசொல்லிகளிடம் போட்டால் முதலில் வருகிற பெயர் ஆர்ஃபியஸ், அடுத்தது நசிகேதன். இரண்டையும் நான் முதலிடத்தில் வைக்க மாட்டேன்.

இறங்கும் பாதையை வைத்து இந்தக் கதைகளைத் தரம் பிரிக்க முடியாது. எந்த நாட்டுக் கதையை எடுத்தாலும் ஓர் ஆறோ பாலமோ இருக்கும், ஒரு வாசல் இருக்கும், வாசலில் ஒருவன் நின்று 'யார் நீ, எதற்கு வந்தாய்' என்று கேட்பான், மீறக்கூடாத விதி ஒன்றும் இருக்கும். கதைகள் பிரிவது ஏறி வரும்போதுதான். யார் மேலே வந்தார், யாரை விட்டுவிட்டு வந்தார், என்ன கொடுத்துவிட்டு வந்தார் என்பதில்தான் ஒவ்வொரு மக்களும் தங்கள் புத்தியைக் காட்டியிருக்கிறார்கள். மேடையிலும் அப்படித்தான். கீழே போகிறவரை சபை ஆர்வமாகக் கேட்டுக்கொண்டிருக்கும். கடைசி இருபது நிமிடத்தில் கதை தொய்ந்தால் எழுந்து செருப்பைத் தேட ஆரம்பித்துவிடும். அதனால் என் முதல் அளவுகோல், திரும்பும் பாதை எவ்வளவு பலமாக இருக்கிறது என்பது.

இன்னும் இரண்டு உண்டு. அடிக்குறிப்பு இல்லாமல் கதை நிற்க வேண்டும். அப்புறம், எழுபது பேர் கூடும் எந்தக் கூட்டத்திலும் சமீபத்தில் யாரையோ பறிகொடுத்தவர் ஒருவராவது உட்கார்ந்திருப்பார். அவர் முகத்தை நினைத்துக்கொண்டு சொல்லக்கூடிய கதையாக இருக்க வேண்டும். அதற்காக அழவைக்கிற கதையே கூடாது என்பதில்லை. அவரை ஏமாற்றாத கதையாக இருந்தால் போதும்.

சிலவற்றை உடனே தள்ளிவிடலாம். ஹோமர் காவியத்தின் கிரேக்க வீரன் ஒடிசியூஸ் கீழுலகத்துக்குள் இறங்குவதே இல்லை என்று சொல்லலாம். கடலின் விளிம்பில் ஒரு முழக் குழி தோண்டி, ஆட்டின் ரத்தத்தை அதில் வடித்து, வாளோடு காவல் உட்கார்ந்துகொள்கிறான். ரத்தம் குடிக்க ஆவிகள் அவனிடம் வருகின்றன. இறந்துபோன தாயை மூன்று முறை கட்டிப்பிடிக்கப் பார்த்து மூன்று முறையும் கை வெறுமையாகத் திரும்பும் இடம் பிரமாதம்தான். ஆனால் அடுத்து, பழைய போர்த்தோழன் அஜாக்ஸின் ஆவி ஒரு வார்த்தை பேசாமல் திரும்பிப் போவது ஏன் வலிக்கிறது என்று புரிய டிராய் போர் முழுக்கத் தெரிந்திருக்க வேண்டும். ரோமக் கவிஞர் வர்ஜில் எழுதிய ஏனியஸின் பயணத்திலும் இதே தொல்லை. கூடவே இன்னும் பிறக்காத ரோம வீரர்களின் பட்டியல் ஒன்று நீளமாக வரும். நரகம் முதல் சொர்க்கம் வரை ஒரு பயணத்தைப் பாடிய இத்தாலியக் கவிஞர் தாந்தே 14,000 வரிக்கு மேல் எழுதியவர். அவரை ஒரு மணி நேரத்தில் அடக்குகிறேன் என்பவரோடு எனக்கு வாதம் இல்லை.

சரி, ஆர்ஃபியஸ். பாம்பு தீண்டி யூரிடிசி இறக்கிறாள், கணவன் யாழோடு கீழே போய்ப் பாடுகிறான், மனம் இளகிய பாதாள அரசன் அவளை அனுப்பிவைக்கிறான். வெளியே போகும்வரை திரும்பிப் பார்க்கக்கூடாது என்று ஒரே நிபந்தனை. அவன் திரும்பிப் பார்க்கிறான். இரண்டு நிமிடத்தில் சொல்லிவிடக்கூடிய இந்தக் கதைக்கு ஒரு மணி நேரம் எங்கிருந்து வரும்? பாட்டிலிருந்துதான் வர வேண்டும். நல்ல குரல் ஒன்று பக்கத்தில் இருந்தால் மட்டுமே இதைத் தொடுங்கள். பாடத் தெரியாதவர் 'அவன் பாடினான், எல்லாரும் அழுதார்கள்' என்று சொன்னால் சபை நம்பாது. இன்னொரு ரோமக் கவிஞர் ஆவிட் இதற்கு ஒரு வழி வைத்திருக்கிறார். பாட்டைப் புகழாமல், பாட்டைக் கேட்டு என்னென்ன நின்றுபோயின என்று காட்டுகிறார். அங்கே தண்டனை அனுபவிக்கும் டாண்டலஸ் விலகி ஓடும் தண்ணீரை எட்டிப் பிடிக்க மறக்கிறான், இக்சியனைக் கட்டிச் சுழற்றும் சக்கரம் நிற்கிறது, காலமெல்லாம் பாறை உருட்டும் சிசிஃபஸ் அந்தப் பாறை மேலேயே உட்கார்ந்துவிடுகிறான். குரல் இல்லாதவருக்கு அந்த உட்கார்ந்த சிசிஃபஸ் ஒருவனே போதும்.

ஆனால் திரும்பும் பாதையில் சொல்பவர் ஒரு தேர்வு செய்தாக வேண்டும். எந்த யூரிடிசி? சுமார் கி.மு. 29இல் வர்ஜில் எழுதியதில் அவள் வாய்விட்டுக் கேட்கிறாள், என்ன பைத்தியக்காரத்தனம் நம் இருவரையும் அழித்தது என்று. முப்பது சொச்சம் ஆண்டு கழித்து எழுதிய ஆவிட்டின் யூரிடிசி குறையே சொல்வதில்லை. தன்னை நேசித்தான் என்பதைத் தவிர அவன் மேல் என்ன குற்றம் சொல்ல முடியும் என்று கவிஞரே அவளுக்காகப் பேசிவிடுகிறார். பிளேட்டோவின் நூல் ஒன்றிலோ ஆர்ஃபியஸ் ஒரு கோழை. காதலுக்காகச் சாகத் துணியாமல் உயிரோடு உள்ளே நுழையப் பார்த்தவன் என்பதால் தேவர்கள் அவனுக்கு மனைவியின் வெறும் நிழலைத்தான் காட்டி அனுப்பினார்களாம். 1762இல் குளுக் இயற்றிய இசைநாடகம் இன்னொரு எல்லைக்குப் போய், காதல் தேவதையை இறக்கி அவளை உயிரோடு திருப்பிக் கொடுத்துவிடுகிறது. நான் சொல்வதாக இருந்தால் வர்ஜில் பக்கம்தான் நிற்பேன். ஆவிட்டின் வரி அழகு, ஆனால் செத்தவளின் வாயை அந்த அழகு மூடிவிடுகிறது.

இன்னொரு கஷ்டமும் இருக்கிறது. கதை 'நீ திரும்பிப் பார்த்ததால்தான் அவள் போனாள்' என்கிறது. மனைவியை ஆஸ்பத்திரியில் விட்டுவிட்டு டீ குடிக்கப் போன ஐந்து நிமிடத்தில் இழந்தவர் அந்தச் சபையில் இருந்தால், இந்தக் கதை அவருக்கு எப்படி இறங்கும்? பாட்டு நன்றாக அமைந்தால் இன்னும் மோசமாக இறங்கும்.

இதே விதி ஜப்பானில் வேறு குணத்தோடு வருகிறது. 712இல் தொகுத்த கோஜிகி என்ற புராண நூலில் இசானாகியும் இசானாமியும் உலகத்தைப் பெற்றெடுத்த தம்பதி. நெருப்புக் கடவுளைப் பிரசவித்தபோது உடல் வெந்து இசானாமி இறக்கிறாள். யோமி என்ற இருட்டு நாட்டுக்கு அவளைக் கூட்டிவரப் போகிறான் கணவன். 'தாமதமாக வந்துவிட்டீர்கள், நான் இங்கே சாப்பிட்டுவிட்டேன்' என்கிறாள் அவள். இங்குள்ள தெய்வங்களைக் கேட்டுப் பார்க்கிறேன், அதுவரை என்னைப் பார்க்காதீர்கள் என்று சொல்லி உள்ளே போகிறாள். அவனுக்குப் பொறுமை இல்லை. கொண்டையில் செருகிய சீப்பின் ஒரு பல்லை முறித்துக் கொளுத்திப் பார்க்கிறான். புழு நெளியும் உடல், அதில் எட்டு இடிதேவர்கள்.

இங்கிருந்து கதை ஓட்டம் பிடிக்கிறது. அவமானப்பட்ட மனைவி துரத்த ஆள் அனுப்புகிறாள். அவன் தலையில் சூடிய கொடியைக் கழற்றி எறிய அது திராட்சையாகிறது. துரத்துகிற கோரக் கிழவிகள் நின்று தின்கிறார்கள். சீப்பை எறிய மூங்கில் குருத்தாகிறது. அதையும் பிடுங்கித் தின்கிறார்கள். கடைசியில் மூன்று பீச் பழங்கள். எல்லாம் தீர்ந்து அவளே துரத்திக்கொண்டு வரும்போது மேட்டு வழியில் பெரும்பாறை ஒன்றை உருட்டி அடைத்துவிடுகிறான். பாறைக்கு இந்தப் பக்கம் அவன், அந்தப் பக்கம் அவள். 'உன் நாட்டு ஜனங்களில் தினம் ஆயிரம் பேரைக் கொல்வேன்' என்கிறாள். 'தினம் ஆயிரத்தைந்நூறு பிரசவக் குடிசை கட்டுவேன்' என்கிறான். நான் அறிந்த பாதாளக் கதைகளில் இதைவிடக் கூர்மையான முறிவு இல்லை. அந்த வழி இதுதான் என்று ஷிமானே மாநிலத்தின் மட்சுயே பக்கம் இன்றும் பாறைகளைக் காட்டுகிறார்கள்.

இதைப் பட்டியலில் மேலே வைப்பேன். வேகம் இருக்கிறது, பெயர்கள் குறைவு, முடிவு ஜோர். குறை என்றால் இரண்டு. புழுவைச் சொல்லாமல் கதை இல்லை. சமீபத்தில் சுடுகாட்டுக்கோ இடுகாட்டுக்கோ போய்வந்தவருக்கு அது கொஞ்சம் அதிகம். அப்புறம், இருபத்தைந்து நிமிடத்தில் முடிந்துவிடும். இழுத்தால் கெடும்.

சாப்பாட்டு விதி ஒன்று கவனித்தீர்களா? அந்த உலகத்தில் கை நனைத்தால் மாட்டினோம். இசானாமிக்கு அதுதான் நடந்தது. பாதாள அரசன் தூக்கிப்போன கிரேக்கப் பெர்செஃபனிக்கு அங்கே தின்ற மாதுளை முத்து. நசிகேதன் கதையில் இது தலைகீழ். எமன் ஊரில் இல்லாததால் பையன் மூன்று இரவு பட்டினி கிடக்கிறான். வீடு தேடி வந்த அந்தணப் பிள்ளையைப் பட்டினி போட்ட தோஷத்துக்குத்தான் எமன் மூன்று வரம் தருகிறான். அங்கே சாப்பிட்டவர் சிக்கினார், இங்கே சாப்பிடாதவன் ஜெயித்தான்.

நசிகேதன் கதையின் தொடக்கம் மேடைக்கென்றே செய்தது போல இருக்கும். எல்லாவற்றையும் தானம் செய்கிறேன் என்று கிளம்பிய அப்பா, தண்ணீர் குடித்து முடித்த, புல் தின்று முடித்த, பால் கறந்து முடித்த கிழட்டுப் பசுக்களைத் தள்ளிவிடுகிறார். பிள்ளைக்குப் பொறுக்கவில்லை. 'என்னை யாருக்குக் கொடுப்பீர்கள்?' ஒரு தரம், இரண்டு தரம், மூன்று தரம். எரிச்சலில் அப்பா சொல்கிறார்: எமனுக்கு. வீட்டில் கோபத்தில் 'செத்துத் தொலை' என்று வாய்விட்ட எந்தத் தகப்பனும் இங்கே நெளிவார்.

ஆனால் இந்தக் கதை வரும் கட உபநிடதம் பயணத்தைச் சொல்வதே இல்லை. அப்பா அப்படிச் சொன்னபின் சில வரிகளிலேயே பையன் எமன் வீட்டில் இருக்கிறான். ஆறு இல்லை, வாசல் இல்லை, நாய் இல்லை. திரும்பி வந்த வழியும் இல்லை. மூன்றாம் வரத்துக்கு அப்புறம் வருவதெல்லாம் உபதேசம்: உடல் தேர், புலன்கள் குதிரைகள், புத்தி சாரதி. படிக்க அபாரமான பகுதி, மேடையில் அது பிரவசனமாகிவிடும். பிரவசனத்துக்கு வேறு மேடைகள் இருக்கின்றன. யானை, குதிரை, பொன், நடனப் பெண்கள் என்று எமன் ஆசை காட்டி, பையன் 'நடனமும் தேரும் நீங்களே வைத்துக்கொள்ளுங்கள்' என்று மறுக்கிற இடத்தோடு நிறுத்துகிற துணிச்சல் இருந்தால், ஒரு பள்ளி வகுப்புக்கு இதை எடுக்கலாம். அரை மணி போதும்.

நம்மவர் கதைகளில் சாவித்திரிக்கு ஒரு தனிச் சலுகை உண்டு. கூட்டிவரப் போனவர் கூட்டிக்கொண்டு வந்தது அநேகமாக இவள் ஒருத்திதான். அதுவும் உள்ளே போகாமல், வழியிலேயே எமனோடு நடந்தபடி பேசி வென்றாள். ஏழடி சேர்ந்து நடந்தால் நட்பு என்று தொடங்கி, மாமனாருக்குக் கண், அவருக்கு ராஜ்ஜியம், தன் தகப்பனுக்கு நூறு பிள்ளை, தனக்கு சத்தியவானால் நூறு பிள்ளை என்று வரிசையாக வாங்கி, கடைசியில் 'கணவன் இல்லாமல் அந்த வரம் எப்படிப் பலிக்கும்' என்று கேட்கிறாள். மாசியும் பங்குனியும் கூடும் வேளையில் காரடையான் நோன்பு இருக்கும் வீடுகளில் உருகாத வெண்ணெயும் ஓரடையுமாக இந்தக் கதை பாட்டிகள் வாயில் இருந்தது. அதுதான் பலமும் பலவீனமும். சபைக்கு முடிவு தெரியும். நீங்கள் வாயைத் திறந்ததும் இது கற்பைப் பற்றிய சொற்பொழிவு என்று பாதிப் பேர் முடிவு கட்டிவிடுவார்கள். மகாபாரதத்துச் சாவித்திரி தேரேறி ஊர் ஊராகப் போய்த் தானே கணவனைத் தேர்ந்தெடுத்தவள். நாரதர் 'இவனுக்கு ஓராண்டுதான்' என்று சொன்ன பிறகும் மாற்றிக்கொள்ளாதவள். அந்தப் பெண்ணை மேடைக்குக் கொண்டுவர முடியும் என்று நம்பினால் எடுங்கள். ஆனால் சமீபத்தில் கணவனை இழந்தவர் எதிரில் இருந்தால், 'சாமர்த்தியசாலிகள் மீட்டுவிடுவார்கள்' என்று கேட்கும் இந்த முடிவை நான் சொல்லத் தயங்குவேன்.

தருமன் நரகம் பார்க்கப் போனது மகாபாரதத்தின் கடைசிப் பருவத்தில் வருகிறது. அதிகம் பேர் சொல்வதில்லை. சொர்க்கத்துக்குப் போனால் அங்கே துரியோதனன் ஜம்மென்று உட்கார்ந்திருக்கிறான். தம்பிகள் எங்கே என்றால் தேவதூதன் அழுகலும் நாற்றமுமான ஒரு வழியில் கூட்டிப்போகிறான். தருமன் திரும்ப எத்தனிக்கும்போது இருட்டிலிருந்து குரல்கள்: போகாதே, உன் மேல் பட்டு வரும் காற்று எங்களுக்கு இதமாக இருக்கிறது. யார் நீங்கள்? நான் கர்ணன், நான் பீமன், நான் அர்ஜுனன், நான் திரௌபதி. தருமன் தூதனைத் திருப்பி அனுப்பிவிடுகிறான். இவர்கள் இருக்கும் இடத்தில் நானும் இருக்கிறேன். பாரதம் தெரிந்த சபையில் இதற்கு முன்கதையே வேண்டாம். எனக்கு இதில் ஒரே மனக்குறை: அடுத்த கணமே இந்திரன் வந்து எல்லாம் மாயை, துரோணரிடம் அசுவத்தாமன் பற்றிச் சொன்ன பொய்க்காக உனக்கு இந்தக் காட்சி என்கிறான். அவ்வளவு பெரிய முடிவை ஒரு மனிதன் எடுத்தபின் கதை அதன் காற்றைப் பிடுங்கிவிடுகிறது.

பாதாளம் என்றதும் மயில்ராவணன் கதையைக் கேட்பவர்களும் இருப்பார்கள். தோல்பாவைக் கூத்தில் கலகலக்கும் கதை அது. ஆனால் அந்தப் பாதாளம் செத்தவர்களின் ஊர் இல்லை, கடத்தல்காரனின் கோட்டை. வேறொரு மாலைக்கு வைத்துக்கொள்ளலாம்.

பிள்ளைகள் பாதிக்குப் பாதி வருவார்கள் என்றால் யோசிக்காமல் மாயா இரட்டையர் கதையை எடுங்கள். குவாத்தமாலாவின் கிச்சே மாயா மக்களுடைய போபோல் வூ என்ற நூலில் இருப்பது. 1700ஐ ஒட்டி ஃபிரான்சிஸ்கோ ஹிமேனஸ் என்ற பாதிரியார் எடுத்த பிரதி இன்று சிகாகோ நூலகம் ஒன்றில் இருக்கிறது. பாதாளத்தின் பெயர் ஷிபால்பா. அதன் அரசர்கள் 'ஒன்று மரணம்', 'ஏழு மரணம்'. கீழே அதிகாரிகளாகச் சீழ்க்காரன், காமாலைக்காரன், எலும்புத்தடி, மண்டையோட்டுத்தடி என்று ஒரு பட்டாளம். மேலே பூமியில் அண்ணன் தம்பி இருவர் பந்து விளையாடும் சத்தம் தாங்காமல் கீழே வரச்சொல்லி ஆள் அனுப்புகிறார்கள். வந்தவர்கள் அரசர்கள் என்று நினைத்து மரப்பொம்மைகளுக்கு வணக்கம் சொல்கிறார்கள்; சபை சிரிக்கிறது. உட்காருங்கள் என்று காட்டிய பலகை பழுக்கக் காய்ந்த கல். இருட்டு வீட்டில் ஆளுக்கொரு சுருட்டும் எரிய ஒரு பந்தமும் கொடுத்து, காலையில் குறையாமல் திருப்பித் தர வேண்டும் என்கிறார்கள். மறுநாள் இருவரையும் பலி கொடுத்து, அண்ணன் தலையைச் சுரைக்குடுக்கை காய்க்கும் மரத்தில் மாட்டுகிறார்கள். அந்த மண்டையோடு பாதாள அதிகாரி ஒருவனின் மகள் கையில் எச்சில் துப்ப, அவள் கர்ப்பமாகி மேலுலகம் ஏறி, இரட்டையரைப் பெறுகிறாள்.

ஹுனாஹ்பூ, ஷ்பலன்கே என்ற இந்தப் பிள்ளைகளுக்கும் அதே அழைப்பு வருகிறது. இவர்கள் முதலில் ஒரு கொசுவை அனுப்புகிறார்கள். கொசு முதல் ஆளைக் கடிக்கிறது, சத்தமில்லை, மரம். இரண்டாவதும் மரம். மூன்றாவது ஆள் 'ஐயோ' என்கிறான். பக்கத்தில் இருப்பவன் 'என்ன ஆச்சு, ஒன்று மரணம்?' என்று பெயர் சொல்லிக் கேட்கிறான். அப்புறம் அவனையும் கடிக்க, அடுத்தவன் அவன் பெயரைச் சொல்லிக் கேட்க, இப்படியே வரிசை முழுக்கப் பெயர் வெளியே வந்துவிடுகிறது. தெருக்கூத்துக் கட்டியக்காரன் கையில் இந்த ஒரு காட்சி கிடைத்தால் கால் மணி நேரம் ஓட்டுவான். சுருட்டு நுனியில் மின்மினிப் பூச்சியை வைத்தும், பந்தத்தில் மக்கா கிளியின் சிவப்பு இறகைச் செருகியும் இருட்டு வீட்டை ஜெயிக்கிறார்கள். வௌவால் வீட்டில் ஹுனாஹ்பூவின் தலை போக, பூசணிக்காயைத் தலையாகச் செதுக்கிப் பந்தாட்டத்தைச் சமாளிக்கிறார்கள். கடைசியில் நெருப்பில் தாங்களே குதித்து, எலும்பை அரைத்து ஆற்றில் கரைத்தபின் ஐந்தாம் நாள் எழுந்து, கந்தல் கட்டிய கழைக்கூத்தாடிகளாக வருகிறார்கள். நாயைக் கொன்று எழுப்புகிறார்கள். ஒருவனை ஒருவன் வெட்டி எழுப்புகிறார்கள். மயங்கிப்போன அரசர்கள் 'எங்களையும் செய்யுங்கள்' என்கிறார்கள். செய்கிறார்கள், எழுப்பவில்லை.

இதை ஒரு மணியில் அடக்க ஆறு வீடுகளில் இரண்டை மட்டும் வையுங்கள். தகப்பன் கதையை வெட்டாதீர்கள். மரப்பொம்மைக்கு அவர் ஏமாந்தது தெரியாவிட்டால் கொசு விளையாட்டில் ருசி இல்லை. இன்னொரு சின்ன இடத்தையும் விடாதீர்கள். வென்றபின் பிள்ளைகள் தகப்பனை ஒட்டவைக்கப் பார்க்கிறார்கள். முகத்தின் உறுப்புகளைப் பெயர் சொல்லச் சொன்னால் அவரால் வாய், மூக்கு, கண் தவிர வேறு சொல்ல முடியவில்லை. அவரை அங்கேயே விட்டுவிட்டு, உம்மைக் கும்பிடுவார்கள் என்று ஆறுதல் சொல்லிவிட்டு மேலே போய்ச் சூரியனும் சந்திரனும் ஆகிறார்கள். அவ்வளவு வித்தை தெரிந்தவர்களாலும் அப்பாவை மீட்க முடியவில்லை.

மலேசியா, சிங்கப்பூர் மேடை என்றால் சீனத்து முலியான் கதையை ஒரு பார்வை பார்க்கலாம். நரகத்தில் பசித்துக் கிடக்கும் தாய்க்கு மகன் ஊட்டும் சோறு வாயருகே கனலாகிவிடுகிறது. ஏழாம் மாதப் பௌர்ணமியில் துறவிகளுக்கு அன்னமிட்டால் விடுதலை கிடைக்கும் என்று புத்தர் வழி சொல்கிறார். அந்த மாதத்தில் போடும் பாட்டு மேடைகளில் முன்வரிசை நாற்காலிகளை ஆவிகளுக்காகக் காலியாக விடுவதைப் பார்த்து வளர்ந்த தமிழர்களுக்கு விளக்கமே தேவையில்லை. மற்ற ஊர்களில் தானம் செய்யச் சொல்லும் போதனை கொஞ்சம் தூக்கலாகத் தெரியும்.

என் கை போவது சுமேரியாவின் இனான்னா கதைக்குத்தான். 400 வரிக்குச் சற்று மேல். கையில் உள்ள களிமண் பலகைகளில் பெரும்பாலானவை கி.மு. 18ஆம் நூற்றாண்டை ஒட்டியவை. உடைந்த துண்டுகள் சில இஸ்தான்புல்லிலும் சில ஃபிலடெல்ஃபியாவிலும் கிடக்க, 20ஆம் நூற்றாண்டில் சாமுவேல் நோவா கிரேமர் போன்றவர்கள் பொருத்திப் படித்தார்கள். முழுசாகப் பொருந்தும்வரை, காதலன் துமுசியை மீட்கத்தான் அவள் போனாள் என்று அறிஞர்கள் நினைத்திருந்தார்கள். கடைசிப் பகுதி கிடைத்தபோது விஷயம் நேரெதிராக இருந்தது. அவனை அங்கே அனுப்பியவளே அவள்தான். இன்றைக்கும் சிலர் பழைய கதையைச் சொல்வதைக் கேட்கலாம்.

விண்ணரசி இனான்னா ஊருக், நிப்பூர், கிஷ் என்று தன் கோயில்களை ஒவ்வொன்றாக விட்டுவிட்டுக் கிளம்புகிறாள். ஏன் என்று கவிதை சொல்லாது. வாசலில் கேட்டதற்கு, அக்காள் எரேஷ்கிகலின் கணவர் இறந்த துக்கத்துக்கு வந்தேன் என்கிறாள். துக்கத்துக்கு வருகிறவள் இவ்வளவு நகை போட்டுக்கொண்டா வருவாள்? காவல்காரன் நேத்தி உள்ளே போய்க் கேட்டுவிட்டு வருகிறான். ஏழு வாசலையும் தாழிட்டு, ஒவ்வொன்றாகத் திறக்கிறான். முதல் வாசலில் தலைப்பாகை போகிறது. 'என்ன இது?' என்கிறாள். 'பேசாதே இனான்னா, கீழுலகத்தின் முறை இது. அதை எதிர்த்து வாய் திறக்காதே.' இரண்டாவதில் கழுத்து நீலமணிகள். 'என்ன இது?' அதே பதில். மார்பில் தொங்கிய இரட்டை மணிகள், மார்புப் பதக்கம், கைப் பொன்வளையம், அளவுகோலும் அளவுக்கயிறும், கடைசியில் அரசியின் ஆடை. ஏழு முறை அதே கேள்வி, ஏழு முறை அதே பதில். எழுதிப் படிப்பவருக்கு அலுக்கும். வாயால் சொல்பவருக்கு இது வரம். மூன்றாம் வாசலில் சபையே நேத்தியாகிப் பதில் சொல்ல ஆரம்பித்துவிடும். அடிக்குறிப்பு தேவையில்லை, பாட்டுக்காரர் தேவையில்லை.

உள்ளே அக்காள் பார்க்கும் ஒரு பார்வையில் அவள் பிணமாகி ஆணியில் தொங்குகிறாள். மூன்று நாள் கழித்து, ஏற்கெனவே சொல்லிவைத்தபடி மந்திரி நின்ஷுபுர் தெய்வம் தெய்வமாகப் போய்க் கெஞ்சுகிறாள். இரண்டு பேர் கைவிரிக்கிறார்கள். என்கி மட்டும் நகத்து அழுக்கைச் சுரண்டி இரண்டு உருவங்கள் செய்து, உயிர்ச்செடியும் உயிர்நீரும் கொடுத்து அனுப்புகிறான். அவர்கள் ஈ போலக் கதவிடுக்கில் நுழைகிறார்கள். பாதாள அரசி அங்கே படுத்துக் கிடக்கிறாள். தோளில் துணி இல்லை, தலைமயிர் வெங்காயத்தாள் போலக் கலைந்து கிடக்கிறது. 'ஐயோ என் நெஞ்சு' என்கிறாள். அவர்களும் 'ஐயோ உன் நெஞ்சு' என்கிறார்கள். 'ஐயோ என் ஈரல்.' 'ஐயோ உன் ஈரல்.' வேறு எதுவும் செய்வதில்லை, கூடச் சேர்ந்து முனகுகிறார்கள். அவள் மனம் குளிர்ந்து ஆறு நிறையத் தண்ணீர் தருகிறேன், வயல் நிறையத் தானியம் தருகிறேன் என்கிறாள். வேண்டாம், ஆணியில் தொங்குவதைக் கொடு. இந்த இடத்துக்காகவே நான் இந்தக் கதையை எடுப்பேன். துக்கத்தில் இருக்கும் ஒருவர் சபையில் இருந்தால், அவரிடம் யாரும் புத்தி சொல்லாத கதை இது.

அப்புறம்தான் திரும்பும் பாதை. யாரும் சும்மா மேலே போனதில்லை, பதிலுக்கு ஓர் ஆள் கொடு என்கிறார்கள். கூடவே கல்லா என்ற காவல் பூதங்கள் வருகின்றன. சோறு தண்ணீர் தெரியாதவை, அன்பளிப்பு வாங்காதவை, பிள்ளையை முத்தமிட்டு அறியாதவை. முதலில் புழுதியில் கிடந்து அழும் நின்ஷுபுர் எதிர்ப்படுகிறாள். இவளைத் தர மாட்டேன். உம்மா ஊரில் ஷாரா, பாத்திபிரா ஊரில் லுலால். இருவரும் துக்க உடையில் காலில் விழுகிறார்கள், அவர்களையும் தர மாட்டேன். குலாபாவின் ஆப்பிள் மரத்தடிக்கு வந்தால் கணவன் துமுசி பட்டாடை கட்டிச் சிம்மாசனத்தில் உட்கார்ந்திருக்கிறான். அக்காள் பார்த்த அதே பார்வையை இவள் பார்க்கிறாள். 'இவனைக் கொண்டுபோங்கள்.' அவன் தப்பி ஓடுவதும், முடிவில் அவனும் அவன் சகோதரி கெஷ்டினன்னாவும் ஆளுக்கு அரை ஆண்டு கீழே இருக்கும்படி ஏற்பாடாவதும் இருக்கின்றன. ஓட்டத்தைச் சுருக்கலாம், அந்தச் சகோதரியைச் சுருக்க வேண்டாம். கேட்காமலே பாதிச் சாவை ஏற்றுக்கொண்டவள் இந்தக் கதைகள் எல்லாவற்றிலும் அவள்தான்.

இதே கதையின் அக்காடியப் பதிப்பு 140 வரி அளவில் நினிவேயில் கிடைத்தது. அதில் இஷ்தார் என்ற பெயரில் வரும் இனான்னா, கதவை உடைப்பேன், செத்தவர்களை எழுப்பி உயிரோடு இருப்பவர்களைத் தின்ன வைப்பேன் என்று மிரட்டுகிறாள். நேரம் குறைவு என்று சிலர் இதை எடுப்பதுண்டு. மிரட்டல் காதுக்கு நன்றாக இருக்கும். கணவன் பட்டாடையோடு சிக்கும் காட்சி இதில் இல்லை. அந்த ஒரு வரி மிரட்டலை மட்டும் சுமேரியக் கதையின் வாசலில் கடன் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள், போதும்.

ஏற்பாட்டாளர் கடைசி நேரத்தில் வந்து 'அரை மணிதான் இருக்கிறது' என்றால் இனான்னாவை வெட்டாதீர்கள், ஏழு வாசலில் மூன்றை எடுத்தால் கதையே போய்விடும். அப்போது ஹெர்மோடை எடுங்கள். சுமார் 1220இல் ஐஸ்லாந்தின் ஸ்னோரி எழுதிவைத்த வடநாட்டுக் கதை. இறந்துபோன பால்டர் என்ற தேவனைக் கேட்டு வாங்க எட்டுக்கால் குதிரையில் ஒன்பது இரவு இருட்டுப் பள்ளத்தாக்கில் போகிறான். பாலத்தில் காவல்காரி சொல்கிறாள்: நேற்று ஐந்து கூட்டம் செத்தவர்கள் போனார்கள், பாலம் உன் ஒருவனுக்குப் போட்ட சத்தம் போடவில்லை. பாதாள அரசி ஹெல் கேட்பது ஒன்றே ஒன்று, உலகத்தில் எல்லாம் அவனுக்காக அழ வேண்டும். மனிதர், மிருகம், கல், மரம், உலோகம் எல்லாம் அழுகின்றன. குகையில் ஒரு கிழவி மட்டும் மாட்டேன் என்கிறாள். சூழ்ச்சிக்காரனான லோகி வேடம் போட்டு வந்தது என்று பேச்சு. இருபது நிமிடத்தில் முடியும், நினைவில் வைக்க வேண்டிய பெயர்கள் நாலைந்துதான்.